வாள் கட்டியவன் சொன்ன சொல்

மாமா,

நாலைந்து நாளாகப் பல்வலி. கன்னம் வீங்கி, ஒரு வாய் களி விழுங்க முடியவில்லை. இந்த மார்கழிப் பனி வேறு, பல்லுக்குள் புகுந்து குடைகிறது. பக்கத்துக் காட்டு நல்லம்மா சந்தைக்குப் போனவள் ஒரு சின்ன சீசாவில் கிராம்புத் தைலம் வாங்கி வந்தாள். பஞ்சில் நனைத்து என் வாய்க்குள் திணித்து, "கடிச்சுக்க, எச்சிலை முழுங்கீராதே" என்றாள். வாசம் மூக்கில் ஏறியதும் எனக்கு அழுகை வந்துவிட்டது. நல்லம்மா பதறிப்போனாள். "அவ்வளவு நோவா? இன்னும் ரெண்டு சொட்டு வுடட்டா?" என்றாள். ஆமா, வுடு என்றேன். உங்கள் கொடுவாளின் வாசம் அது என்று அவளிடம் சொல்லி என்ன ஆகப்போகிறது?

மலாயாவிலிருந்து திரும்பியபோது ஊர்க்காரர்கள் பெட்டி, சட்டைத்துணி என்று கொண்டுவந்தார்கள். நீங்கள் ஒரு தகரக் குப்பியில் கிராம்புத் தைலம் கொண்டுவந்தீர்கள். சப்பான் தேசத்து சாமுராய் தன் வாளுக்கு அதைத்தான் பூசுவானாம், துரு அண்டாதாம். வேலி வெட்டிவிட்டு வந்ததும் நீங்கள் வாசலில் குந்தி, துணியில் தைலம் தொட்டு, கொடுவாளை அடியிலிருந்து நுனிவரை ஒரே இழுப்பாகத் துடைப்பீர்கள். மலைமேல் நம் திண்ணனூர் நாடே சிரித்தது. "ஏனுங்க, கொடுவாளுக்குப் பல்வலிங்களா?" என்று போகிறவன் வருகிறவனெல்லாம் கேட்டான். நான் இதே மலையின் வாழவந்தி நாட்டிலிருந்து இந்த வீட்டுக்கு மருமகளாக வந்த புதிதில், எங்கள் அண்ணன்கள் என்னைத் தனியாகக் கூப்பிட்டு உன் மாமனாருக்குப் புத்தி சரியாக இருக்கிறதா என்று விசாரித்தார்கள். எனக்கு ரோசம் வந்துவிட்டது. உங்களைவிட நல்லாத்தான் இருக்கு என்று சொல்லி அனுப்பினேன்.

கதைகளை நீங்கள் தினைக்காட்டுப் பரண்மேல்தான் சொல்வீர்கள். கதிர் பால் பிடித்ததும் கிளி விரட்டப் பொழுதெல்லாம் பரணில் கிடக்க வேண்டும். நான், உங்கள் மகன், பக்கத்துக் காட்டுக்காரர்கள், சில நாள் ஊர்க்கவுண்டரே கூட வந்து பரணடியில் குந்திக்கொள்வார். உங்கள் சாமுராய் விழுகிற இலையைக் காற்றில் இரண்டாகப் பிளப்பான். நீள மூக்கும் இறக்கையும் உள்ள மலைப்பேயோடு மல்லுக்கு நிற்பான். பெண் வேடம் போட்டு வரும் நரியை, அதன் நிழலில் வால் தெரிவதை வைத்துக் கண்டுபிடிப்பான். "நம்ம முனி மாதிரிங்களா அந்தப் பேயி?" என்று யாராவது கேட்டால், "முனிக்கு அண்ணன்னு வெச்சுக்க" என்பீர்கள். "ஏனுங்க மாமா, இந்தாளு சோறு எப்பத்தான் திம்பாரு?" என்று நான் ஒருநாள் கேட்டேன். உங்கள் மகன் சிரித்த சிரிப்பில் பரண் ஆடியது. கிளிகள் பாட்டுக்கு ஒரு பக்கம் கதிரை முடித்துக்கொண்டிருந்தன. கீழே அத்தை மண்ணை வாரித் தூற்றி, "கதையத் தின்னுட்டுப் படுங்க இன்னைக்கு" என்று வைதது இன்னும் காதில் இருக்கிறது.

அந்தக் கதைகளில் குடைக் கதைதான் ஊருக்கு உயிர். மூன்று பாதை கூடுகிற இடத்தில் ஒரு கண் தெரியாத கிழவி. வழியில் போன சாமுராய் அவளிடம் குடையை இரவல் வாங்குகிறான். அடுத்த மழைக்குள் கொண்டுவந்து தருகிறேன் என்று சொல்லிவிட்டுப் போகிறான். போனவனை மலைப்பேய் பிடித்துக் குகைக்குள் அடைத்துவிடுகிறது. ஏழு வருடம். அந்த ஏழு வருடமும் கிழவியின் ஊரில் ஒரு சொட்டு மழை இல்லை. அவன் தப்பி வந்து குடையை அவள் கையில் கொடுத்த பிறகுதான் வானம் உடைந்து கொட்டுகிறது. "வாள் கட்டினவன் சொன்ன சொல்லு மாறமாட்டான். அவன் மாறாததுக்கு மழையே காத்துக்கிட்டு நின்னுது பாத்துக்க" என்று முடிப்பீர்கள்.

இதெல்லாம் எங்கிருந்து வந்தது என்று எனக்கு ஒருத்திக்குத்தான் சொன்னீர்கள். நாம் இரண்டு பேரும் பலா மரத்தடியில் குந்தி மிளகு உதிர்த்துக்கொண்டிருந்தோம். பாதிக் கதை, மலாயா தோட்டத்துக் கூலிகள் குடியிருந்த லயத்தில் ஒருவர் உரக்க வாசித்துக் காட்டிய மலிவுக் கதைப் புத்தகங்களில் வந்தது. மீதி, பக்கத்து டவுனில் கடை வைத்திருந்த சப்பான்கார பார்பர் சொன்னது. நீங்கள் முடி வெட்டிக்கொள்ளப் போய், அரைகுறை மலாயில் சாமுராய் பற்றிக் கேட்டீர்களாம். அவன் கத்தரியை வைத்துவிட்டுச் சிரித்தானாம்.

"அவனோட பாட்டன் நெசமாவே சாமுராயாம் கண்ணு. இனிமேல் யாரும் வாள் கட்டக் கூடாதுன்னு ராசா உத்தரவு போட்டுட்டானாம். வாளை வித்துத் தின்னுட்டு, அப்புறம் குடை கட்டிப் பொழச்சானாம். ஊட்டுல சோத்துக்கே தாளம். சண்டைக்கே போவாம, கணக்கு எழுதியே காலந்தள்ளின சாமுராய்தான் பாதிப்பேராம்."

நான் சிரித்தேன். நீங்கள் சிரிக்கவில்லை. குரலை இறக்கி, இன்னொன்றும் சொன்னீர்கள். புது வாள் கைக்கு வந்தால் கூர் பார்ப்பதற்காக, பாதை கூடுகிற இடத்தில் நின்று, வருகிற ஏழை பாழையை வெட்டிப் பார்த்தவர்களும் அவர்களில் இருந்தார்களாம். அதையும் அந்த பார்பரே சொன்னானாம், தன் பாட்டன் அப்படிச் செய்ததாகச் சொல்லவில்லை, செய்யவில்லை என்றும் சொல்லவில்லையாம். என் கை நின்றுவிட்டது.

"அப்பக் கதையில வர்றவருங்க?"

"கதையில வர்றவன் வேற கண்ணு. பார்பர் சொன்னதும் நெசம்தான். அதைப் பரண்மேல ஒக்காந்து சொல்ல முடியுமா? நமக்கு இவன் போதும்."

அந்த வருடத்துக்கு அடுத்த வருடம் சாமை பொய்த்தது. அடிவாரத்திலிருந்து சிலர் மலாயாவுக்குக் கிளம்பினார்கள் என்று உங்கள் மகனும் கிளம்பினார். இறக்கத்துப் பாதை தொடங்குகிற இடம்வரை நான் கூடப் போனேன். "சீக்கிரம் வாரேன்" என்றார். அவ்வளவுதான் பேச்சு. பிறகு காகிதம் வந்தது, நான் வாசித்துக் காட்டினேன். பாதிரியார் பள்ளியில் ஐந்தாவது வரை படித்தது அதற்காவது உதவியது. அப்புறம் காகிதம் நின்றது.

உப்பு வாங்கப் போனவர்கள்தான் சேதி கொண்டுவந்தார்கள். பினாங்கு விழுந்ததாம், சிங்கப்பூர் விழுந்ததாம், மலாயா முழுக்க சப்பான்காரன் கையிலாம். அத்தை வயிற்றில் அடித்துக்கொண்டு அழுதது. ஊரே நம் வாசலில் கூடியது. நீங்கள் மட்டும் ஏதோ பாரம் இறங்கிய ஆள் போலச் சிரித்தீர்கள். "சப்பான்காரனா? அப்பப் பயமில்ல. வெறுங்கையா நிக்கறவன் மேல அவன் வாளெடுக்க மாட்டான். நம்ம பையன் பத்திரமா இருக்கான், போயி அடுப்பைப் பாருங்க" என்றீர்கள்.

எல்லோரும் போன பிறகு நான் கேட்டேன். "பாதை கூடற எடத்துல நின்னு வெட்டினவன் யாருங்க மாமா?"

உங்கள் முகம் கறுத்தது. "அது அந்தக் காலம்" என்றீர்கள்.

கதையும் அந்தக் காலம்தானே! வேண்டியதைக் கிட்டே இழுத்துக்கொண்டு, வேண்டாததை அந்தக் காலத்துக்குத் தள்ளிவிட்டீர்கள். அன்றே இன்னும் இரண்டு வார்த்தை கேட்டிருப்பேன். ஆனால் எனக்கும் உங்கள் சாமுராய்தான் வேண்டியிருந்தான். வேறு யாரை நம்பித் தூங்குவேன்?

சண்டை நீண்டுகொண்டே போனது. எங்கள் அண்ணன்கள் வந்தார்கள். வாழவந்தி நாட்டில் ஒரு நல்ல ஆள் என்னைக் கேட்டிருந்தார். பெண்சாதி இறந்தவர், குழந்தை இல்லை, சொந்தக் காடு. நம் மலையில் ஒருத்தி மறுபடி கட்டிக்கொள்வதில் ஒன்றும் குறைவில்லை. புருஷன் வீட்டார் ஊர் முன்னால் ஒரு துரும்பை முறித்துப் போட்டால் போதும், கட்டு தீர்ந்தது, அவள் தாய்வீட்டுக்குப் போய் வேறு ஒருவனைக் கட்டிக்கொள்ளலாம். கோயில் முன்னால் கூட்டம் கூடியது. ஊர்க்கவுண்டர் வைக்கோல் துரும்பை எடுத்து உங்கள் கையில் கொடுத்தார்.

நீங்கள் முறிக்கவில்லை. எழுந்து நின்று பேசினீர்கள். என்ன பேசினீர்கள் மாமா? மகனிடமிருந்து சேதி வந்தது என்றா? இல்லை. குடைக் கதையைச் சொன்னீர்கள்! அத்தனை தூரம் நடந்து வந்த என் அண்ணன்கள் வாய் பிளந்து நின்றார்கள். அவர்கள் பரணடியில் குந்தாதவர்கள். ஆனால் நம் ஊர்க்காரர்கள் ஒவ்வொருவரும் தலையாட்டினார்கள். "ஆமாமா, ஏழு வருசம் கழிச்சு வந்தானில்ல" என்றார் ஒருவர், ஏதோ தன் பங்காளி வந்ததைச் சொல்வது போல. "பேயி புடிச்சதுக்கு அவன் என்ன பண்ணுவான்" என்றார் இன்னொருவர். கடைசியில் ஊர்க்கவுண்டர் தொண்டையைச் செருமி, "சப்பான்காரன் சொல் மாறாதவன்னு நாம எல்லாருமே கேட்டிருக்கோம். அவன் கையிலதான் பையன் இருக்கான். சண்டை முடியட்டும், பாத்துக்கலாம்" என்று தீர்ப்புச் சொன்னார். கிளி விரட்டும்போது கேட்ட கதையைச் சாட்சியாக வைத்து ஒரு பொம்பிளையின் காலத்தை முடிவு செய்த நாடு உலகத்திலேயே நம் நாடு ஒன்றாகத்தான் இருக்கும்.

என்னை யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பேன் என்று எனக்கே தெரியாது. பாதி மனசு அண்ணன்கள் பின்னாலேயே நடந்து போனது. மீதி மனசு உங்களோடு வீட்டுக்கு வந்து அடுப்பு மூட்டியது. அந்த நல்ல ஆள் அடுத்த வைகாசியில் வேறு இடத்தில் கட்டிக்கொண்டார்.

சண்டை முடிந்தது. கப்பல் வருகிறது என்றார்கள். போன புரட்டாசியில், தினை பால் பிடித்திருந்தபோது, அடிவாரத்து ஊர்க்காரர் ஒருவர் நம்மைத் தேடி மலையேறி வந்தார். செங்கோடன் என்று பெயர். எலும்பும் தோலுமாக இருந்தார். கொஞ்ச தூரம் நடப்பதும் குந்துவதுமாக வந்து சேர்ந்தார். அத்தை வீட்டில் இருந்தது, கண்ணில் பூ விழுந்ததிலிருந்து அது காட்டுக்கு வருவதில்லை. பரணில் நாம் இரண்டு பேர்தான். உங்கள் மகனோடு இருந்தவன் என்று அவர் சொன்னதும் நீங்கள் பரணிலிருந்து குதித்து இறங்கினீர்கள். அந்த வயதில்!

"ரயில் ரோடு போடணும்னு சயாம் காட்டுக்குக் கூட்டிட்டுப் போனாங்க" என்றார் அவர். "மூணு மாசம்தான் வேலை, முடிஞ்சதும் தோட்டத்துக்கே திருப்பி அனுப்பிருவோம்னாங்க. சொன்னவன் பெரிய ஆபிசருங்க. இடுப்புல நீளமா வாள் கட்டியிருந்தான். உங்க பையன் அந்த வாளையே பாத்துக்கிட்டு நின்னாருங்க."

"அப்புறம்?" என்றீர்கள். உங்கள் கண் பளபளத்தது. கதை கேட்கிறவனின் முகம் அது.

"மூணு மாசம் போச்சு, ஆறு மாசமும் போச்சு, ஒருத்தனையும் அனுப்பலைங்க. மழை, சேறு, வாந்திபேதி. பக்கத்துல படுத்தவன் காலையில எந்திரிக்க மாட்டான். சில பேரு காட்டுக்குள்ள ஓடிரலாம்னு முடிவு பண்ணினோம். உங்க பையனைக் கையப் புடிச்சு இழுத்துக் கூப்பிட்டேனுங்க. வரமாட்டேன்னுட்டாரு. வாள் கட்டினவன் சொன்ன சொல்லு மாறமாட்டான், எங்கப்பாரு சொல்லியிருக்காரு, அனுப்பறேன்னா அனுப்புவான்னாரு. நாங்க எவ்வளவோ சொன்னோமுங்க. நீங்க போங்க, நான் மொறையா வாரேன்னுட்டாரு."

அவர் மூச்சு வாங்கினார். பிறகு, "ஓடினவங்கள்ல பாதிப்பேரு பொழச்சோம். அவரு பேதியில போயிட்டாருன்னு பின்னால அங்கிருந்து வந்தவன் சொன்னானுங்க. ஒரே நாளாம்" என்றார்.

நீங்கள் கேட்டது ஒரே கேள்வி. "அந்த வாள்காரன் ஒண்ணுமே பண்ணலையா?"

செங்கோடனுக்குக் கேள்வி விளங்கவில்லை. "அவனுங்களா? அவன் அவன் பாட்டுக்குத்தான் இருந்தான். அவன் அந்த வாளை உருவி நான் பாத்தது ஒரே ஒருக்காங்க. கறி வெக்க மூங்கில் குருத்து வெட்டிக்கிட்டிருந்தான்."

அவன் வெட்டிக் கொன்றான் என்று சொல்லியிருந்தால்கூட நீங்கள் அழுதிருப்பீர்கள் என்று நினைக்கிறேன். வைது தீர்க்க ஒருத்தனாவது கிடைத்திருப்பான். நீங்கள் அழவில்லை. "கண்ணு, இவருக்குச் சோறு போடு" என்றீர்கள். கலயத்தில் இருந்த சோற்றை அவர் தின்று முடிக்கும்வரை எதிரில் குந்தியிருந்தீர்கள். பிறகு அவர் கையைப் பிடித்துக்கொண்டு, ஊட்டுக்கு வர வேண்டாம், யாரிடமும் சொல்ல வேண்டாம், இவனைப் பெற்றவள் தாங்கமாட்டாள் என்று கெஞ்சி, இறக்கம்வரை கொண்டுபோய் விட்டு வந்தீர்கள். வந்து என் முன்னால் கையை நீட்டினீர்கள்.

"வாக்குக் குடு சாமி. உங்க அத்தை கண்ணை மூடற வரைக்கும் அவளுக்குத் தெரியக் கூடாது."

எனக்கு வாய் விட்டுக் கத்த வேண்டும் போல இருந்தது. செத்தது என் புருஷன். நான் எங்கே போய் அழுவது என்று ஒரு வார்த்தை கேட்டீர்களா? நீட்டிய கையை நீங்கள் மடக்கவேயில்லை. கடைசியில் என் கையைக் கொடுத்தேன்.

அதன் பிறகு நீங்கள் கதை சொல்லவில்லை. யாராவது கேட்டால் மறந்துபோச்சு என்றீர்கள். ஊர் நம்பியது, வயசாகிவிட்டது என்றது. ஒருநாள் பரணில், நான் கவணில் கல் வைத்துக்கொண்டிருந்தபோது, என்னைப் பார்க்காமலே சொன்னீர்கள்: "கதையில வர்றவனா இருந்தா இந்நேரம் பண்ணின தப்புக்குத் தன் வாளாலயே வயித்தைக் கிழிச்சுக்கிட்டிருப்பான் கண்ணு. எனக்கு அந்தத் துப்பும் இல்ல." நான் கிளியை விரட்டினேன்.

ஐப்பசி அடைமழையில் உங்களுக்குக் காய்ச்சல் வந்தது. கசாயத்தை வாயில் ஊற்றினால் வெளியே வழிந்தது. நீங்கள் குடிக்க மனசில்லாமல்தான் துப்பினீர்கள் என்று எனக்குத் தெரியும், அத்தைக்குத் தெரியாது. உங்களைக் குழியில் இறக்கும்போது, "பெத்த மகன் வந்து மண்ணு போடக் குடுத்து வெக்கலையே, அவன் வந்து கேட்டா நான் என்ன சொல்லுவேன்" என்று அத்தை என் தோளைப் பிடித்துக்கொண்டு கதறியது. நான் கல்லாக நின்றேன். ஊர் பார்த்துக்கொண்டிருந்தது. மாமனாருக்கு ஒரு சொட்டுக் கண்ணீர் விடாத மருமகள் என்று இன்றும் பேசுகிறார்கள். அன்று ஒரு சொட்டு விட்டிருந்தால் மற்றதெல்லாம் கூடவே வெளியே வந்திருக்கும் மாமா.

காரியம் முடிந்ததும் அண்ணன்கள் திரும்ப வந்தார்கள். சண்டை முடிந்தது, கப்பல் வந்தது, இனியும் என்ன என்றார்கள். மூத்தவர், "உனக்கும் பைத்தியமா?" என்று கையை ஓங்கிவிட்டார். பொறுங்கள் என்று மட்டும் சொன்னேன். உண்மையைச் சொன்னால் அன்றைக்கே தாலியைக் கழற்ற வேண்டும், அத்தைக்குத் தெரிந்துவிடும். சொல்லாவிட்டால் செத்தவருக்காகக் காத்திருக்க வேண்டும். குங்குமம் வைத்துக்கொள்கிறேன். பண்டிகைக்குப் பூ வைக்கிறேன். கைம்பெண் என்று சொல்லி ஒரு மூலையில் உட்கார்ந்து அழக்கூட எனக்கு வழியில்லாமல் செய்துவிட்டு, நீங்கள் சுகமாக மண்ணுக்குள் போய்ப் படுத்துக்கொண்டீர்கள். உங்கள் மேல் எனக்கு அவ்வளவு கோபம். வாய் ஓயாமல் வைகிறேன், வைதுகொண்டே உங்கள் குழிமேட்டில் புல் பிடுங்கிவிட்டும் வருகிறேன். எனக்கே என்னைப் புரியவில்லை.

அத்தைக்கு இப்போது கண் சுத்தமாகத் தெரிவதில்லை. பொழுது போவதில்லை. "உங்க மாமன் சொல்ற அந்தக் கதையச் சொல்லு" என்று என் சேலையைப் பிடித்து உட்கார்த்தி வைக்கிறது. கதையத் தின்னுட்டுப் படுங்க என்று வைத அதே அத்தைதான். சொல்கிறேன். ஒருநாள் மனசு கசந்துபோய், சாமுராய் திரும்பி வரவேயில்லை, சொன்னதை மறந்துவிட்டான் என்று முடித்தேன். அத்தைக்கு வந்ததே கோபம்! "உங்க மாமன் அப்படியா சொல்லுவாரு? ஒழுங்காச் சொல்லுடி" என்றது. திரும்பவும் முதலிலிருந்து சொன்னேன். அவனை வரவைத்தேன்.

ராவுக்கு அத்தைக்குக் களி உருட்டி வைப்பேன். முதல் வாய் எடுப்பதற்கு முன்னால் நின்று, நான் இருக்கிற பக்கம் முகத்தைத் திருப்பி, அத்தை தவறாமல் கேட்கும்: "சண்டைதான் முடிஞ்சுபோச்சே, பையன் வந்துருவானில்ல கண்ணு?"

"வந்துருவாருங்க அத்தை" என்கிறேன். சரியென்று தலையாட்டிவிட்டுத் தின்னத் தொடங்குகிறது. நேற்றும் சொன்னேன். இன்று பல்வலியில் வாய் திறக்க முடியாமல் தலையை ஆட்டினேன், அத்தைக்கு அது தெரியவில்லை. திரும்பக் கேட்டது. வாயிலிருந்த பஞ்சைத் துப்பிவிட்டுச் சொன்னேன்.